ஹோ ஸிஹுய்க்கு என்ன சோதனை நடந்தது? மீராபாய்க்குத் தங்கம் வருமா?

2021 டோக்கியோ ஒலிம்பிக்ல நம்ம மீராபாய் சானு வெள்ளி வாங்கினது எல்லாருக்கும் ஞாபகம் இருக்கும். அடுத்த ஓரிரு நாள்ல சுத்தின செய்தி ஞாபகம் இருக்கா? தங்கம் வாங்கின சீனப் பெண்ணுக்கு ஊக்கமருந்து சோதனை நடக்குதாம், அவர் மாட்டினா தங்கம் மீராபாய்க்காம்.

அந்தத் தங்கம் இன்னிக்கு வரைக்கும் ஹோ ஸிஹுய்கிட்டதான் இருக்கு. ஆனா அவர் பேரை எடுத்தாலே "அது மருந்து கேஸ்தானே டாக்டர்?"னு கேட்கிறவங்க இன்னும் இருக்காங்க.

முதல்ல ஒண்ணு புரிஞ்சுக்கங்க. ஒலிம்பிக்ல பதக்கம் வாங்கினவங்களைச் சோதிக்கிறது வழக்கமான நடைமுறை. சிறுநீரை ஏ, பி-ன்னு ரெண்டு பாட்டில்ல சீல் வைப்பாங்க. ஏ-ல ஏதாவது தெரிஞ்சா வீரருக்குத் தகவல் போகும், அவர் கேட்டா பி-யைத் திறப்பாங்க. சாம்பிள் எடுத்தாங்கங்கிறது குற்றச்சாட்டு இல்லை. உங்களுக்கு சுகர் டெஸ்ட் எழுதிக் கொடுத்தா உடனே நீங்க சர்க்கரை நோயாளி ஆயிடுறீங்களா?

சந்தேகத்துக்குக் காரணமே இல்லைன்னு நான் சொல்ல மாட்டேன். 2008 பெய்ஜிங்ல தங்கம் வென்ற மூணு சீனப் பெண்கள் (சென் ஷியேஷியா, லியு சுன்ஹோங், சாவ் லெய்) 2017 ஜனவரியில பதக்கத்தை இழந்தாங்க. மூணு பேர் சாம்பிள்லயும் ஜிஎச்ஆர்பி-2 இருந்தது. பிட்யூட்டரி சுரப்பியைத் தூண்டி வளர்ச்சி ஹார்மோனைச் சுரக்க வைக்கிற சின்னப் புரதத் துண்டு அது. 2008 சோதனையில சிக்கலை. வருஷக்கணக்கா பத்திரப்படுத்தியிருந்த அதே சிறுநீரை மேம்பட்ட முறையில மறுபடி பார்த்தப்போ சிக்குச்சு. அதனால 2017-ல சீனப் பளுதூக்கும் சங்கத்துக்கே ஒரு வருஷத் தடை. அந்த வருஷ உலக சாம்பியன்ஷிப்புக்கு சீனா வரலை. 48 கிலோ பிரிவுல மீராபாய் தங்கம் வென்றது அந்தப் போட்டியிலதான். (அதனால அந்தத் தங்கம் மட்டமில்லை, 194 கிலோ தூக்கித்தான் வாங்கினார்.)

அப்போ பெய்ஜிங் நடந்தப்போ ஹோவுக்கு வயசு 11. ஹுனான் மாகாணத்துப் பொண்ணு, 1997-ல பிறந்தவர். பெரியவங்க போட்ட ஊசிக்கு இந்தப் பொண்ணு எப்படிப் பொறுப்பாவார்?

அவருக்கு நிஜமான இடைஞ்சல் எங்கே இருந்தது தெரியுமா? சொந்த அணிக்குள்ளேயே. 2019 பட்டாயா உலக சாம்பியன்ஷிப்ல ஹோ 211 கிலோ. அதே அணியின் ஜியாங் ஹுயிஹுவா 212. ஒரே ஒரு கிலோவுல தங்கம் போச்சு. ஒலிம்பிக்ல ஒரு எடைப் பிரிவுக்கு ஒரு நாட்டுல இருந்து ஒருத்தர்தான். உலகத்துல முதல் ரெண்டு இடத்துல இருக்கிற ரெண்டு பேர்ல ஒருத்தர் வீட்ல உட்காரணும்! 2021 ஏப்ரல், தாஷ்கண்ட் ஆசிய சாம்பியன்ஷிப்ல ஹோ 213 கிலோவோட உலக சாதனை. அங்கேயே கிளீன் அண்ட் ஜெர்க்ல 119 கிலோ தூக்கி உலக சாதனை படைச்சது நம்ம மீராபாய். 49 கிலோ உடம்பு 119 கிலோ தூக்கினதை அன்னிக்கு நாம சந்தேகப்பட்டோமா? இல்லையே, கைதட்டினோம். சரிதான். அதே உடம்பு, அதே இரும்பு, கொடி மட்டும் வேற.

நம்ம வீடும் சுத்தமில்லைங்க. 2004 ஏதென்ஸ் ஒலிம்பிக்ல ரெண்டு இந்தியப் பளுதூக்கும் பெண்கள் ஊக்கமருந்துல மாட்டினாங்க. அதை வச்சு மீராபாயை யாராவது பேசினா நமக்கு எவ்வளவு கோபம் வரும்?

2024 பாரிஸ் போட்டியைப் பார்க்காதவங்க வீடியோ தேடிப் பாருங்க. ஸ்நாட்ச் முடிஞ்சப்போ ருமேனியாவின் மிஹேலா கம்பேய் 93, ஹோ 89. நாலு கிலோ பின்தங்கல். கம்பேய் மொத்தம் 205-ல முடிச்சார். கடைசி முயற்சியில ஹோ 117 கிலோவைத் தலைக்கு மேல நிறுத்தினார், கிளீன் அண்ட் ஜெர்க்ல ஒலிம்பிக் சாதனை. மொத்தம் 206, ரெண்டாவது தங்கம். மீராபாய் 199, வெண்கலத்துக்கு ஒரு கிலோ குறைவு. அன்னிக்கு எனக்கும் தூக்கம் வரலை.

கடைசியா, "இப்போ சிக்கலைன்னா பின்னாடி சிக்க மாட்டாங்களா?"ன்னு கேட்பீங்க. சிக்கலாம். டோக்கியோ சாம்பிள்களை 10 வருஷம் வரைக்கும் மறுபரிசோதனை பண்ண விதியில இடம் இருக்கு, அதாவது 2031 வரை. ஹோவோடதுக்கு மட்டும் இல்லை, மீராபாயோடதுக்கும் அதே விதிதான்.