சலிப்பைக் கழற்றிவிடும் அப்டேட்

"பையனுக்கு மனக்கட்டுப்பாடே இல்ல டாக்டர்." கேம் விஷயமா என்னைப் பார்க்க வரும் பெற்றோர் பெரும்பாலும் இப்படித்தான் ஆரம்பிக்கிறார்கள். பக்கத்தில் தலையைக் குனிஞ்சபடி பையன். மக்களே, இந்தப் பழியில் பாதி அவன் மேல் விழக்கூடாதது. கொஞ்சம் நீளமான த்ரெட், பொறுமையா படிங்க.

நாம சின்ன வயசுல பம்பரம் விட்டோம், கேரம் ஆடினோம். ஒரு கட்டத்தில் அலுத்துப்போச்சு, விட்டுட்டோம். யாரும் நமக்கு வைத்தியம் பார்க்கவில்லை. ஒரே விஷயம் திரும்பத் திரும்ப வந்தால் மூளைக்கு அது புதுசு இல்லை, ஆர்வம் தானா வடியும். சலிப்புதான் நம்மகூடவே பிறந்த பிரேக்.

இப்போ பிஜிஎம்ஐ எடுத்துக்குங்க. (2020 செப்டம்பரில் அரசு பப்ஜி மொபைலைத் தடை பண்ணின பிறகு, 2021இல் இந்தியாவுக்குன்னு வந்ததே, அதுதான்.) அந்த பிரேக் பிடிக்கிற நேரத்தில் அப்டேட் வரும். பழகின மேப்பில் புது இடம், புது மோட், புதுத் துப்பாக்கி. கைக்குப் பழகின துப்பாக்கியோட உதைப்பு மாறியிருக்கும், மறுபடி பழகணும். இதுகூடப் பரவாயில்லை. ராத்திரி ராத்திரியா முழிச்சு ஏறின ரேங்கை, சீசன் முடிஞ்சதும் கீழே இறக்கி விடுவார்கள். ராயல் பாஸுக்குக் கெடு தேதி. அதுக்குள்ள மிஷனை முடிக்கலைன்னா அந்த டிரஸ் போச்சு. பரீட்சையா, காய்ச்சலா, அதெல்லாம் அந்தத் தேதிக்குத் தெரியாது.

"கேம்னா அப்டேட் பண்ணித்தானே ஆகணும்?" கண்டிப்பா. ஹேக் போட்டு ஆடுறவனைத் தடுக்கணும், பிழை திருத்தணும். ஃபோர்ட்நைட்டில் 2018 டிசம்பரில் ஒரு வாளை இறக்கினார்கள். அது கிடைச்சவன் கை ஒரேயடியா ஓங்க, ஆட்டக்காரர்கள் கொந்தளிச்சாங்க. சில நாளிலேயே வாளைத் திரும்ப எடுத்துட்டாங்க. அது நியாயமான மாற்றம். நான் சண்டை போடுவது ரேங்க் இறக்கத்தோடும் கெடு தேதியோடும். அதுல எந்தப் பிழையைத் திருத்தினாங்க?

ஒரு மாத்திரையில் இருக்கிற மருந்தோட அளவை கம்பெனி இஷ்டத்துக்கு மாத்த முடியாது, திரும்ப அனுமதி வாங்கணும். கேமுக்கு? நீங்க போன வருஷம் "சரி, விளையாடு"ன்னு சொன்ன கேம் இப்போ அவன் போன்ல இல்லை. பேர் மட்டும் அதே.

எங்களால முடியாதுன்னு கம்பெனி சொல்லவும் வழியில்லை. 2022 ஜூலையில் ஸ்டோரிலிருந்து தூக்கப்பட்ட இதே கேம் 2023 மே மாசம் திரும்பி வந்தப்போ, 18 வயசுக்குக் கீழே நாளைக்கு 3 மணி நேரம், மத்தவங்களுக்கு 6 மணி நேரம்னு வரம்போடதான் வந்தது. (அப்பா வயசைப் போட்டு லாகின் பண்றது தனிக் கதை.) அதே மாதிரி சிறுவர் கணக்குக்கு ரேங்க் இறக்கம் கிடையாது, பாஸுக்குக் கெடு கிடையாதுன்னு ஒரு அப்டேட் விட என்ன தடை? காசைத் தவிர?

உடனே எல்லாப் பிள்ளையையும் நோயாளி ஆக்கிடாதீங்க. உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-11 பட்டியலில் கேமிங் டிஸ்ஆர்டர் இருக்கு, உண்மைதான். ஆனால் கட்டுப்பாடு இழந்து, மத்த எல்லாத்தையும் ஓரம் தள்ளி, பாதிப்பு தெரிஞ்சும் தொடரணும். அதுவும் பொதுவா 12 மாசம் நீடிக்கணும். சாயங்காலம் ஒரு மணி நேரம் ஆடுறவன் அதில் வரமாட்டான்.

போனைப் பிடுங்கறதுக்கு முன்னாடி, "சீசன் என்னிக்குப்பா முடியுது?"ன்னு ஒரு தடவை கேளுங்க. நான் பார்த்தவரை தூக்கம் கெடுறதும் எரிஞ்சு விழுறதும் அந்தக் கடைசி வாரத்தில்தான் அதிகம். போன மாசம் ஒரு அம்மா கேட்டிருக்காங்க. பையன் யோசிக்காம தேதியைச் சொல்லியிருக்கான். கணக்குப் பரீட்சைக்கு முந்தின நாள்.