‘படிக்கிற பிள்ளைக்கு அடுப்படி எதற்கு?’

சில மாதங்களுக்கு முன் ஒரு புதன்கிழமை. பலதுறைத் தொழிற்கல்லூரியில் குழுப்பணி முடிந்து மார்சிலிங் எம்ஆர்டி நிலையத்தில் நான் இறங்கியபோது இரவு மணி ஒன்பதரை. வீட்டுக்குள் நுழைந்தால், அம்மா வேலைச் சீருடையைக்கூட மாற்றாமல் அடுப்பின் முன் நின்றுகொண்டிருந்தார். அவரும் எனக்குக் கால் மணி நேரம் முன்னதாகத்தான் வந்திருக்கிறார். பாட்டிக்குக் கஞ்சி, தங்கைக்கும் எனக்கும் தோசை. நான் நான்கு தோசை சாப்பிட்டுவிட்டு, கைப்பேசியோடு அறைக்குள் போய்விட்டேன்.

அரை மணி நேரம் கழித்துத் தண்ணீர் குடிக்க எழுந்து வந்தேன். அம்மா அடுப்படி மேடையில் சாய்ந்து நின்றபடி, ரொட்டித் துண்டைத் தேநீரில் நனைத்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். “நீங்க தோசை சாப்பிடலையாம்மா?” என்று கேட்டேன். “மாவு தீர்ந்துபோச்சுய்யா” என்றார். அதைக் குறையாகச் சொல்லவில்லை. அரிசி தீர்ந்துவிட்டது, வாங்க வேண்டும் என்பதுபோலச் சாதாரணமாகச் சொன்னார்.

அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை. அந்த நேரத்தில் அவருக்கு ஏதாவது செய்து கொடுத்திருக்கலாம். ஆனால், எனக்கு மாணவர்களுக்கே பழக்கமான உடனடி மீயைத் தவிர எதுவும் செய்யத் தெரியாது. பத்தொன்பது வயதில்!

மறுநாள், வாரத்தில் ஒரு நாள் இரவு உணவை நான் செய்கிறேன் என்று சொன்னேன். முதல் எதிர்ப்பு பாட்டியிடமிருந்து வந்தது. “படிக்கிற பிள்ளைக்கு அடுப்படி எதுக்குய்யா? அதான் நாங்க இருக்கோமே!”

பாட்டி இதை அன்பினால்தான் சொன்னார். நம்மில் பலருடைய வீடுகளிலும் இதே அன்பு இருக்கிறது. தொடக்கநிலை ஆறில் ‘பிஎஸ்எல்இ முடியட்டும்’ என்பார்கள். பிறகு ‘சாதாரண நிலைத் தேர்வு முடியட்டும்’. அதன்பின் தொடக்கக் கல்லூரி, பலதுறைத் தொழிற்கல்லூரி அல்லது ஐடிஇ. ஆண்பிள்ளை என்றால் அடுத்துத் தேசிய சேவை. இப்படியே இருபத்தொரு வயது ஆகிவிடுகிறது. காணொளி தொகுக்கத் தெரிந்த, நிரல் எழுதத் தெரிந்த நமக்கு, வேலையிலிருந்து களைத்து வரும் ஒருவருக்கு ஒரு தட்டு உணவு செய்து கொடுக்கத் தெரிவதில்லை.

படிப்பின் பெயரால் நமக்குத் தரப்படும் இந்தச் சலுகையை நாம் மறுக்க வேண்டும் என்பது என் கருத்து. பெற்றோர் அதைத் தாமாகத் திரும்பப் பெற மாட்டார்கள். நாம்தான் முதலில் பேச வேண்டும்.

நமக்குச் சொல்லித் தரவில்லை என்று பள்ளியைக் குறை கூறவும் வழியில்லை. ஒரு காலத்தில் மனையியல் மாணவியருக்கான பாடமாக இருந்தது. 1997 முதல் உயர்நிலை ஒன்று, இரண்டில் மாணவர், மாணவியர் இரு தரப்பினருமே அதைப் படிக்கிறார்கள். இன்று அதன் பெயர் ‘உணவு, பயனீட்டாளர் கல்வி’. ஏப்ரன் கட்டிக்கொண்டு காய் நறுக்கிய அந்த வகுப்புகள் உங்களுக்கும் நினைவிருக்கும். நான் செய்த உணவைப் படம் எடுத்தேன், ஒப்படைப்பில் ஒட்டினேன், நல்ல மதிப்பெண்ணும் வாங்கினேன். வீட்டில் அதை ஒருமுறைகூடச் செய்து பார்க்கவில்லை. மதிப்பெண் வந்ததும் பாடம் முடிந்துவிட்டதாக நினைத்துவிட்டேன்.

சரி, எங்கிருந்து தொடங்குவது? உள்ளே பூரணம் வைத்து மடித்த ஆம்லெட்டிலிருந்து தொடங்கலாம் என்பேன். ஒரே சட்டி போதும். இருபது நிமிடங்களில் முடிந்துவிடும். வீட்டில் என்ன இருக்கிறதோ அதை உள்ளே வைக்கலாம்.

இது நமக்கு அந்நியமான உணவும் அன்று. நார்த் பிரிட்ஜ் சாலையில் சுல்தான் பள்ளிவாசலுக்கு எதிரே, 1908ஆம் ஆண்டிலிருந்து இயங்கும் ஸம் ஸம் உணவகத்தில் முர்தபாக் சாப்பிட்டிருப்பீர்கள். மெல்லிய மாவுக்குள் முட்டையும் கறியும் வெங்காயமும் வைத்து மடிக்கிறார்கள். ‘மடித்தது’ என்ற பொருள்தரும் அரபுச் சொல்லிலிருந்து வந்த பெயர் அது. ரொட்டி ஜானில் முட்டையும் கறியும் ரொட்டியோடு ஒட்டிக்கொள்கின்றன. உணவங்காடி நிலையங்களில் சீனர்கள் சிப்பியைச் சேர்த்து முட்டை பொரிக்கிறார்கள். மதுரையில் தோசைமீது முட்டையும் கறியும் பரப்பிக் கறி தோசை சுடுகிறார்கள். கையில் இருக்கும் சிறிது கறியையோ மீனையோ முட்டையோடு சேர்த்து நான்கு பேருக்குப் போதுமாக்கும் வழி, எல்லாச் சமூகங்களுக்கும் தெரிந்திருக்கிறது.

நான் சார்டின் டின்னில் தொடங்கினேன். முதல் இரண்டு முறையும் தோல்வி. முதல் முறை, டின்னில் இருந்த தக்காளிக் குழம்பை அப்படியே முட்டைமீது ஊற்றினேன். மடிக்கும்போது எல்லாம் வழிந்து, சட்டியில் மீன் கஞ்சிதான் மிஞ்சியது. தங்கை அதைப் படம் எடுத்து வைத்திருக்கிறாள். இரண்டாம் முறை, சீக்கிரம் முடிக்கலாம் என்று தீயைக் கூட்டினேன். அடிப்பக்கம் கருகி, ஆம்லெட் ரப்பராகிவிட்டது.

காரணத்தைப் பிறகுதான் புரிந்துகொண்டேன். முட்டையின் வெள்ளைக்கரு ஏறத்தாழ 60 டிகிரி செல்சியசில் இறுகத் தொடங்குகிறது. மஞ்சள்கரு 65 முதல் 70 டிகிரியில் இறுகுகிறது. தண்ணீர் கொதிக்கும் சூடுகூட அதற்குத் தேவையில்லை. தீ அதிகமானால் முட்டையிலுள்ள புரதம் இறுக்கமாகச் சுருங்கி, தன்னிடமுள்ள நீரை வெளியே பிழிந்துவிடும். அறிவியல் வகுப்பில் புரதம் இயல்பிழப்பதைப் பற்றிப் படித்ததை நான் உண்மையில் கற்றுக்கொண்டது அந்தச் சட்டியில்தான்.

இப்போது நான் செய்யும் முறை இது. இரண்டு பேருக்கு மூன்று முட்டை, ஒரு சிறிய சார்டின் டின், ஒரு பெரிய வெங்காயம், ஒரு பச்சை மிளகாய், கொஞ்சம் கறிவேப்பிலை. முதலில் பூரணம். ஒரு தேக்கரண்டி எண்ணெயில் வெங்காயத்தையும் மிளகாயையும் கறிவேப்பிலையையும் வதக்குங்கள். மீனைக் கரண்டியால் உடைத்துச் சேர்த்து, குழம்பு வற்றும்வரை கிளறுங்கள். கரண்டியை இழுத்தால் சட்டியின் அடி தெரிய வேண்டும். அதில் நீர் ஊறக் கூடாது. சில துளி எலுமிச்சைச் சாறு விட்டுத் தனியே எடுத்து வையுங்கள். டின் மீனிலேயே உப்பு இருப்பதால் மேலும் உப்பு வேண்டாம்.

பிறகு சட்டியைத் துடைத்து, நடுத்தரத் தீயில் சிறிது எண்ணெய் விட்டு, மிளகுத்தூள் சேர்த்து அடித்த முட்டையை ஊற்றுங்கள். ஓரம் இறுகியதும் அதைத் தோசைக் கரண்டியால் நடுப்பக்கம் தள்ளி, மேலே உள்ள முட்டை ஓரத்துக்கு வழிய விடுங்கள். மேற்பரப்பு ஓடாமல், ஈரமாக மட்டும் இருக்கும்போது, ஒரு பாதியில் பூரணத்தைப் பரப்பி மறு பாதியை மடியுங்கள். பூரணம் சூடாக இருக்க வேண்டும். நிறைய வைக்க ஆசை வரும், அடக்கிக்கொள்ளுங்கள். மூடி போட்டு மிகக் குறைந்த தீயில் இரண்டு நிமிடம் விட்டால், உள்ளே உள்ள முட்டையும் முழுமையாக வெந்துவிடும்.

சார்டின் இல்லாவிட்டால் நேற்றைய உருளைக்கிழங்குப் பிரட்டல், முட்டைகோஸ் பொரியல், மிஞ்சிய கோழிக்கறி என எதையும் நீர் வற்றச் சூடாக்கி உள்ளே வைக்கலாம். இதில் இன்னொரு நன்மையும் உண்டு. சிங்கப்பூரில் 2023ஆம் ஆண்டில் சேர்ந்த உணவுக் கழிவு ஏறத்தாழ 755,000 டன். குளிர்பதனப் பெட்டியில் மூன்று நாள் கிடந்து குப்பைக்குப் போகும் கிண்ணங்கள் எங்கள் வீட்டில் இப்போது குறைந்திருக்கின்றன.

“கீழே இறங்கினால் உணவங்காடி நிலையம்; எதற்கு இந்தச் சிரமம்?” என்று நண்பர்கள் கேட்கிறார்கள். நியாயமான கேள்விதான். மார்சிலிங் லேன் சந்தைக்கு மேற்பட்ட ருசி என் கைக்கு வராது. நம் உணவங்காடிக் கலாசாரத்தை 2020ல் யுனெஸ்கோவே அங்கீகரித்தது. நானும் அங்குச் சாப்பிடுவதை விடப்போவதில்லை. ஆனால், தினமும் வெளியில் வாங்கும்போது எவ்வளவு உப்பும் எண்ணெயும் சேர்கிறது என்பது நம் கையில் இல்லை. 2022 தேசிய ஊட்டச்சத்து ஆய்வின்படி, சிங்கப்பூர்வாசிகள் ஒரு நாளில் உட்கொள்ளும் சோடியம் சராசரியாக 3,620 மில்லிகிராம். பரிந்துரைக்கப்படும் உச்ச வரம்பு 2,000 மில்லிகிராம்தான். என் சட்டியில் விழும் உப்பை நான் பார்க்கிறேன். ருசி குறைந்தாலும் எனக்குத் தெரியும். உப்பு கூடினாலும் எனக்குத் தெரியும்.

“படிக்கவே நேரமில்லை” என்பது அடுத்த பதில். தேர்வுக்கு முந்தைய வாரத்தில் சமைக்கச் சொல்லவில்லை. மற்ற வாரங்களில், நாம் கைப்பேசியில் செலவிடும் நேரத்தின் ஒரு சிறு பகுதி போதும். அதைவிட முக்கியமான கேள்வி ஒன்று உண்டு. நமக்கு நேரமில்லை என்றால், பத்து மணி நேரம் வெளியே இருந்துவிட்டு வரும் பெற்றோருக்கு மட்டும் அந்த நேரம் எங்கிருந்து கிடைக்கிறது?

இதை எழுதும்போது ஒன்றையும் ஒப்புக்கொள்ள வேண்டும். நம் வயதில் ஏற்கெனவே வீட்டுச் சமையலைச் சுமக்கும் மாணவர்கள் இருக்கிறார்கள். பெற்றோர் நோயில் இருப்பதால், இரவு வேலைக்குப் போவதால், அல்லது பெண்பிள்ளை என்பதாலேயே. அவர்களுக்கு இந்தக் கட்டுரையில் புதிதாக ஒன்றுமில்லை. இது என்னைப்போல் தட்டு வரும்வரை மேசையில் காத்திருப்பவர்களுக்கு, குறிப்பாக அண்ணன் தம்பிகளுக்கு. ஒரே வீட்டில் தங்கையை மட்டும் வெங்காயம் நறுக்கக் கூப்பிட்டால், “நான் நறுக்குகிறேன்” என்று எழுந்து போவதற்கு யாருடைய அனுமதியும் தேவையில்லை.

இப்போது எங்கள் வீட்டில் புதன்கிழமை என் முறை. பாட்டி இன்னும் அடுப்படி வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, “தீயைக் குறை, தீயைக் குறை” என்கிறார். ஆனால், “படிக்கிற பிள்ளை” என்ற பேச்சு நின்றுவிட்டது. முதல் முறை ஆம்லெட் உடையாமல் தட்டில் விழுந்த அன்று, அம்மா உட்கார்ந்து சாப்பிட்டார். “கொஞ்சம் உப்புப் பத்தலை” என்றார். பிறகு என் தட்டில் இருந்த பாதியையும் எடுத்துக்கொண்டார்.

நீங்களும் ஒரு நாளைத் தேர்ந்தெடுங்கள். முன்கூட்டியே வீட்டில் சொல்லிவிடுங்கள், இல்லாவிட்டால் அம்மா சமைத்து வைத்துவிடுவார். முதல் முறை உடைந்தால் கரண்டியால் கிளறி முட்டைப் பொரியல் என்று பரிமாறுங்கள். முடிந்ததும் சட்டியையும் நீங்களே கழுவிவிடுங்கள். அதுவும் சமையலில் சேர்த்திதான்.