கைரேகை வாங்கியவர்களே கணக்கு கேட்கலாமா?

"வேலை பார்த்தாயா? சரி, அத்தாட்சி எங்கே?"

வேலை நிரந்தரம் கேட்டுப் போகும் கூலிக்காரனிடம் முதலில் கேட்கப்படும் கேள்வி இது. குமரி மாவட்டத்துக்கு இந்தக் கேள்வி புதிதல்ல.

திருவனந்தபுரம்-நாகர்கோவில்-கன்னியாகுமரி ரெயில் பாதை 1979-ல் திறக்கப்பட்டது. நாகர்கோவில்-நெல்லை பாதை 1981-ல் முடிந்தது. மண் வெட்டவும், ஜல்லி சுமக்கவும், தண்டவாளம் தூக்கவும் வந்தவர்களில் எத்தனையோ பேர் கேஷுவல் கூலிகள். ரெயில் ஓடத் தொடங்கியது. கூலிகள் வீட்டுக்கு அனுப்பப்பட்டார்கள்!

360 நாள்

திட்ட வேலை பார்த்த ரெயில்வே கேஷுவல் கூலிகள் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனார்கள். இந்தர்பால் யாதவ் வழக்கில் 1985 ஏப்ரலில் தீர்ப்பு வந்தது. 360 நாள் தொடர்ந்து உழைத்தவர்களைப் படிப்படியாக எடுத்துக்கொள்ளும் திட்டத்தைக் கோர்ட்டு ஏற்றது. அதில் 1.1.1984 என்றிருந்த தேதியை 1.1.1981 என்று மாற்றியது.

அந்தத் தேதிக்கு முன்பே நிறுத்தப்பட்டவன் கதி? 1979-ல் பாதை முடிந்ததும் வீட்டுக்குப் போனவன் என்ன பாவம் செய்தான்? திருவனந்தபுரம் கோட்டத்து ரெயில்வே தொழிற்சங்கம் இதைக் கேட்டு வழக்குப் போட்டது. நாகர்கோவிலும் கன்னியாகுமரியும் அந்தக் கோட்டத்து ஊர்கள்தான். 1987 பிப்ரவரியில் சுப்ரீம் கோர்ட்டு வழிவிட்டது. முன்பே நிறுத்தப்பட்டவர்களும் மார்ச் 31-க்குள் மனு கொடுக்கலாம். மனு உண்மைதானா என்று ரெயில்வே பரிசீலிக்க வேண்டும் என்றது.

கெடு ஒரு மாதச் சொச்சம். சிக்கல் அங்கேதான் ஆரம்பம்!

சாவி யாரிடம்?

கூலிக்காரன் காட்ட வேண்டியது கேஷுவல் லேபர் அட்டை. எந்தத் தேதி முதல் எந்தத் தேதி வரை வேலை என்று அதில் இருக்க வேண்டும். வருஷத்தில் இரண்டு பருவமழையும் கொட்டுகிற ஊரில், ஒழுகுகிற ஓலை வீட்டில், ஒரு அட்டையைக் கரையான் தின்னாமல் பத்து வருஷம் காப்பது லேசா?

ஆனால் ஆபீசில் மஸ்டர் ரோல் உண்டு. இடது கைப் பெருவிரல் ரேகைப் பதிவேடும் உண்டு. பீரோ சாவியை இடுப்பில் சொருகிக்கொண்டு, "உள்ளே இருக்கிற காகிதத்தை நீ கொண்டு வா" என்றால் என்ன நியாயம்?

போலி அட்டை வராதா என்று கேட்கலாம். வரும். ரேகைப் பதிவேடு வேறு எதற்கு? அட்டையில் பொய் எழுதலாம். விரல் ரேகை பொய் சொல்லாது. ஒப்பிட்டுப் பார்த்தால் கள்ளன் யார், கஷ்டப்பட்டவன் யார் என்று தெரிந்துவிடும்.

240 நாள் வேலை பார்த்ததை நிரூபிப்பது தொழிலாளியின் பொறுப்பு, அவன் பிரமாண வாக்குமூலம் மட்டும் போதாது என்று 2002-ல் சுப்ரீம் கோர்ட்டு சொன்னது. 2005-ல் எல்லாட்டி வழக்கில் அதே கோர்ட்டு இன்னொன்றும் சொன்னது. தினக்கூலிக்கு நியமன உத்தரவோ சம்பள ரசீதோ கிடைப்பதில்லை. அவன் கூண்டேறிச் சாட்சி சொல்லி, மஸ்டர் ரோலைக் கொண்டுவரும்படி வேலை கொடுத்தவரைக் கேட்கலாம். இந்த இரண்டாவது பேச்சு எத்தனை கூலிக்காரர் காதில் விழுந்திருக்கும்?

இனியாவது...

அன்று இருபது வயதில் மண் சுமந்தவருக்கு இன்று அறுபதைத் தாண்டிவிட்டது. இனி அவருக்கு வேலை இல்லை. ஆனால் இன்று காண்டிராக்டில் குப்பை அள்ளுகிறவரும் ஆஸ்பத்திரி கூட்டுகிறவரும் அதே குழியில் விழக்கூடாது.

வேலை பார்த்த நாள் கணக்கை மாதாமாதம் எழுத்தில் தொழிலாளி கையில் கொடுக்க வேண்டும். உரிமை கேட்பவர் ஒருவர் மிச்சம் இருக்கும்வரை பதிவேட்டை அழிக்கக்கூடாது. பதிவேடு காணோம் என்றால் சந்தேகத்தின் பலன் உழைத்தவனுக்கே போக வேண்டும், தொலைத்தவனுக்கு அல்ல. தொழிலாளர்களும் பி.எப். நம்பரையும் பேங்க் பாஸ்புக்கையும் பத்திரமாக வைத்துக்கொள்வது நல்லது.

வேலை வாங்கத் தெரிந்தவர்களுக்குக் கணக்கு வைக்கவும் தெரிய வேண்டும்!