வறுமை மானக்கேடா? வறுமைப் படம் மானக்கேடா?

நமது சர்க்காருக்கு ஒரு விசித்திரமான ரோஷம் உண்டு. ஜனங்கள் பட்டினி கிடப்பதைப்பற்றி அதற்கு வெட்கம் வருகின்றதோ இல்லையோ, அந்தப் பட்டினியை எவனாவது படம் பிடித்துவிட்டால் மாத்திரம் தேசத்தின் மானமே போய்விட்டதாகக் குதிக்கும். 1970-ஐ ஒட்டி வந்த செய்திப்படங்கள், குறும்படங்களின் சங்கதியைப் பார்த்தால் இது நன்றாய் விளங்கும்.

கே. ஏ. அப்பாஸ் என்பவர் 1968-ல் பம்பாய், கல்கத்தா, டில்லி, நம் சென்னை ஆகிய நான்கு நகரங்களைப்பற்றி 16 நிமிஷப் படம் ஒன்று எடுத்தார். ஒரு பக்கம் மாளிகைச் சுகபோகம். மறுபக்கம் அம்மாளிகையைக் கட்டினவனின் குடிசை. பம்பாய் விபசாரத் தெருவும் சில வினாடிகள் வந்துபோகும். தணிக்கைக்காரர்கள் அந்தத் தெருவை வெட்டு என்றார்கள். தெருவை ஒழிக்கச் சொன்னார்களா? இல்லை, படத்தில் மாத்திரம் ஒழிக்கச் சொன்னார்கள்! அப்பாஸ் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனார். வழக்கு நடக்கும்போதே சர்க்கார் இறங்கிவந்து, வெட்டாமலே அனுமதி கொடுப்பதாய் ஒப்புக்கொண்டது. ஆனாலும் சினிமா மற்றக் கலைகளைவிட மனதை அதிகமாய்க் கிளறக்கூடியது, ஆதலால் முன்கூட்டியே தணிக்கை செய்வது நியாயந்தான் என்று 1970-ல் கோர்ட்டார் தீர்ப்புச் சொல்லிவிட்டார்கள்.

நல்லது, நாம் கேட்கின்றோம்: 1975-ல் "ஜெய் சந்தோஷி மா" என்ற இந்திப் புராணப் படத்துக்குப் போன ஜனங்கள் கொட்டகை வாசலில் செருப்பைக் கழற்றிவைத்து, திரைமேல் பூவும் காசும் எறிந்தார்களே, அங்கே கிளறப்பட்டது மனம் அல்லாமல் மண்ணா? அதற்கு ஏன் கத்தரிக்கோல் நீளவில்லை?

புதுச்சேரித் தோழர்கள் இன்னொன்றையும் அறியவேண்டும். லூயி மால் என்ற பிரெஞ்சுக்காரர் 1968-ல் மாதக்கணக்காய் இந்தியாவைச் சுற்றி ஏழு பகுதிகளாய்ப் படம் எடுத்தார். சென்னைக்குத் தனியாய் ஒரு பகுதி. நம் ஊர் அரவிந்தர் ஆசிரமமும் அதில் உண்டு. 1970-ல் பி.பி.சி. அதைக் காட்டவே, இந்தியாவை இழிவுபடுத்திவிட்டதாய்க் கூச்சலிட்டு, பி.பி.சி.யின் டில்லி ஆபீசையே சர்க்கார் மூடவைத்தது. அன்னியன் பார்வையில் கோணல் இருக்கலாம். அதை நாம் மறுக்கவில்லை. கோணலுக்குப் பதில் படத்தாலும் பேச்சாலும் சொல்லுவதா, கதவைப் பூட்டுவதா?

சர்க்காரின் சொந்தப் படங்களோ அப்படியல்ல. 1948-ல் ஏற்பட்ட "பிலிம்ஸ் டிவிஷன்" படங்களைக் கொட்டகைக்காரன் அக்காலத்தில் கட்டாயம் ஓட்டவேண்டியிருந்தது. வாடகையும் அவனே கட்டவேண்டியிருந்தது. அணையும் மந்திரியும் திரையில் வர, ஜனங்கள் பீடி பிடிக்க வெளியே போனது பெரியவர்களுக்கு ஞாபகமிருக்கும். அந்த இலாகாவுக்குள்ளேயே சுக்தேவ், சாஸ்திரி, பிரமோத் பதி போன்றவர்கள் புதுமாதிரி முயன்று பார்த்தார்கள் என்பதையும் சொல்லத்தான் வேண்டும். வெளியே இருந்த ஆனந்த் பட்வர்த்தன் பீகார் கிளர்ச்சியைப்பற்றி எடுத்த படத்தையோ, 1975-ல் அவசரநிலை வந்ததும் திருட்டுச் சரக்கைப்போல ஒளித்துக் காட்டவேண்டியதாயிற்று.

இப்போது புதுச்சேரி சர்க்கார் திரைப்பட விழா நடத்திச் சங்கரதாஸ் சுவாமிகள் பெயரால் பரிசும் கொடுக்கின்றது. அவ்விழாவில் அப்பாஸின் 16 நிமிஷத்தையும், சென்னையையும் நம் ஊரையும் காட்டுகிற மாலின் பகுதிகளையும் தமிழ் விளக்கத்தோடு போடட்டும். கடற்கரைப் பக்கத்துக் கனவான்களுக்கு மட்டுமல்ல, பாகூரிலும் வில்லியனூரிலும் திரை கட்டி, டிக்கட்டில்லாமல் போடட்டும்.