0.23 நொடி சத்தம் யாருக்குச் சொந்தம்? டிஜே பிரீமியர் கதை கேட்கும் கேள்வி

0.23 நொடி. கண்ணை ஒருமுறை மூடித் திறக்கிற நேரம். மடோனாவின் ‘வோக்’ பாடலில் ஒரு பழைய பாட்டிலிருந்து எடுத்துப் போட்ட ஊதுகருவி சத்தம் ஒன்று வரும். அதன் நீளம் அவ்வளவுதான். அதற்காக அமெரிக்காவில் வழக்கு நடந்து, 2016-ல் ஒன்பதாவது வட்டார மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பு சொன்னது. இத்தனை சின்னத் துணுக்கை எடுத்தது மீறல் ஆகாது என்பதுதான் அந்தத் தீர்ப்பு. ஆனால் 2005-ல் ஆறாவது வட்டார நீதிமன்றம், இரண்டு நொடி கிட்டார் சத்தம் பற்றிய வழக்கில் இதற்கு நேர் எதிராகச் சொல்லியிருந்தது. ஒலிப்பதிவிலிருந்து எவ்வளவு குறைவாக எடுத்தாலும் சரி, உரிமம் வாங்கித்தான் ஆக வேண்டும். ஒரு தீர்ப்பு இன்னொன்றை ரத்து செய்யவில்லை. ஆக, ஒரே விஷயம் லாஸ் ஏஞ்சலஸில் சரி, நாஷ்வில்லில் தப்பு.

இந்தக் குழப்பத்துக்கு நடுவே 1989-லிருந்து தொழில் செய்து வருபவர் டிஜே பிரீமியர். இயற்பெயர் கிறிஸ்டோபர் மார்ட்டின். ஹிப் ஹாப் கேட்காதவர்களுக்கு இந்தப் பெயர் தெரிந்திருக்காது. ஆனால் நாஸ், நொடோரியஸ் பிஐஜி, ஜே-இசட் என்று பெயர் தெரிந்தவர்கள் எல்லோருடைய முக்கியமான பாடல்களுக்கும் பின்னால் இருந்து பீட் போட்டவர் இவர்தான்.

டிஜே எப்படி இசையமைப்பாளர் ஆனார்?

டிஜே என்றதும் கல்யாண ரிசப்ஷனில் பாட்டை மாற்றி மாற்றிப் போடுபவர் நினைவுக்கு வரலாம். ஹிப் ஹாப்பில் கதை வேறு. 1970-களில் நியூயார்க்கின் பிராங்க்ஸ் பகுதியில் நடந்த பார்ட்டிகளில், டிஜே-க்கள் ஒரே ரெக்கார்டின் இரண்டு பிரதிகளை இரண்டு டர்ன்டேபிளில் வைத்தார்கள். பாட்டில் டிரம்ஸ் மட்டும் தனியாக ஒலிக்கிற சில நொடிகள் வரும் இல்லையா, ஆட வந்தவர்களுக்குப் பிடித்தது அந்த இடம்தான். ஒன்றில் அது முடிந்ததும் அடுத்ததில் அதே இடம், திரும்ப முதலாவது. பத்து நொடி டிரம்ஸ் பத்து நிமிடம் ஓடியது. பின்னாளில் சாம்பிளர் என்ற மெஷின் வந்தபோது, கையால் செய்ததை அந்தப் பெட்டி செய்தது. எந்த ரெக்கார்டில் எந்த நொடியில் என்ன இருக்கிறது என்பது டிஜே-வுக்கு மனப்பாடம். அதனால் அவர்தான் தயாரிப்பாளராகவும் ஆனார்.

பிரீமியர் பிறந்தது 1966-ல், ஹூஸ்டனில். வளர்ந்ததும் படித்ததும் டெக்சாஸின் பிரெய்ரி வியூ. எடுத்த பாடம் கம்ப்யூட்டர் சயின்ஸ். மனம் போனது ரெக்கார்டு கடைக்கு. தாத்தா புரூக்ளினில் இருந்ததால் விடுமுறைக்குப் போய் வந்த நியூயார்க்தான் அவரை இழுத்தது. அங்கே ‘கேங் ஸ்டார்’ என்ற குழுவை நடத்திக்கொண்டிருந்த குருவுடன் சேர்ந்தார். குரு பாஸ்டனைச் சேர்ந்த ஒரு நீதிபதியின் மகன். ஏற்ற இறக்கமே இல்லாத குரலில், கத்தாமல், பக்கத்தில் உட்கார்ந்து பேசுவது போல ராப் செய்வார். ஒருவர் பேச்சு, இன்னொருவர் சத்தம். 1989-ல் முதல் ஆல்பம் வந்தது. 1990-ல் ஸ்பைக் லீயின் ‘மோ பெட்டர் ப்ளூஸ்’ படத்துக்காக ஜாஸ் கலைஞர் பிரான்ஃபர்ட் மார்சாலிஸுடன் ஒரு பாடல் செய்தார்கள். ‘ஜாஸ் ராப்’ என்ற முத்திரை அப்போது விழுந்தது. அந்த முத்திரை பிரீமியருக்குச் சுத்தமாகப் பொருந்தாது. ஜாஸை அவர் இசைக்கவில்லை, உடைத்தார்.

திருடாதே!

1991 டிசம்பர். பிஸ் மார்க்கி என்ற ராப்பர், கில்பர்ட் ஓ’சல்லிவன் பாடலின் ஒரு பகுதியை அனுமதி கிடைக்காமலே பயன்படுத்திவிட்டார். நியூயார்க் நீதிபதி, திருடாதே என்ற பைபிள் கட்டளையோடுதான் தன் தீர்ப்பையே ஆரம்பித்தார். அதற்கு முன்பு வரை யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளாத விஷயம் அன்றோடு குற்றம் போல ஆனது.

இங்கே ஒரு விஷயம் புரிய வேண்டும். ஒரு சாம்பிளுக்கு இரண்டு பேரிடம் அனுமதி வாங்க வேண்டும். பாடலை எழுதி மெட்டமைத்தவரின் உரிமை ஒன்று. அந்த ஒலிப்பதிவுக்குச் சொந்தமான நிறுவனத்தின் உரிமை இன்னொன்று. இரண்டுக்கும் கட்டணம் இவ்வளவுதான் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. கேட்பதுதான் விலை, மாட்டேன் என்றால் மாட்டேன்தான்.

பிரீமியரின் கைவண்ணம் இந்தக் காலத்தில்தான் கூர்மையானது. நாலு வரியை அப்படியே சுழல விடுவதற்குப் பதிலாக, பியானோவின் ஒரு தட்டல், பாஸின் ஒரு இழுப்பு என்று நறுக்கி, டிரம் அடிப்பது போல பட்டன்களில் அடித்துப் புதிய வரிசை உண்டாக்கினார். 1993-ல் ஜெரூ த டமாஜாவின் ‘கம் க்ளீன்’ வந்தபோது கேட்டவர்களுக்குத் தண்ணீர்க் குழாய் ஒழுகுகிற மாதிரி இருந்தது. அது ஷெல்லி மேன் என்ற ஜாஸ் டிரம்மரின் பதிவிலிருந்து எடுத்த துணுக்கு. 1994-ல் நாஸின் ‘இல்மாட்டிக்’ ஆல்பத்தில் ‘என்.ஒய். ஸ்டேட் ஆஃப் மைண்ட்’ பாடலின் அந்த இருட்டுப் பியானோ, ஜோ சேம்பர்ஸ் பதிவிலிருந்து வந்தது. மூலத்தைத் தேடிப் போய்க் கேட்டால் அது மென்மையான இசை. மிரட்டலை அதற்குள் இருந்து எடுத்தவர் பிரீமியர்.

அதே ஆண்டு வந்த ‘மாஸ் அப்பீல்’ இன்னும் வேடிக்கை. வானொலியில் ஒரே மாதிரி சலிப்பூட்டும் பாட்டுகள் ஓடுவதைக் கிண்டல் செய்யத்தான் அந்தச் சின்னச் சுழற்சியை அவர் செய்தார். கிண்டலே கேங் ஸ்டாரின் அடையாளப் பாட்டு ஆகிவிட்டது.

பல்லவியையும் அவர் விட்டுவைக்கவில்லை. பாடகரை வைத்துப் பாட வைக்காமல், வேறு வேறு ராப்பர்கள் வேறு வேறு பாட்டில் சொன்ன சொற்களை ரெக்கார்டில் கீறி, ஒட்டி, ஒரு வாக்கியமாக்கிவிடுவார். ஸ்க்ராட்ச் பல்லவி என்பது அவருடைய கையெழுத்து.

அப்போ, சட்டம் நெருக்கியதால்தான் கலை வளர்ந்தது என்று சொல்லலாமா? சிலர் அப்படித்தான் சொல்கிறார்கள். பாதிதான் உண்மை. 1988-ல் பப்ளிக் எனிமி ஒரே பாட்டில் ஏராளமான துணுக்குகளை அடுக்கி உண்டாக்கிய அந்த இரைச்சல் கோட்டையை, 1991-க்குப் பிறகு முறைப்படி உரிமம் வாங்கிக் கட்டி முடிக்க யாரிடமும் காசு இருந்திருக்காது. டி லா சோல் குழுவின் தொடக்ககால ஆல்பங்கள் 2023 மார்ச் வரை ஸ்ட்ரீமிங் தளங்களில் வராததற்கும் சாம்பிள் சிக்கல் ஒரு முக்கியக் காரணம். ஒரு தலைமுறையே அந்த ஆல்பங்களை எளிதில் கேட்க முடியாமல் வளர்ந்தது. பிரீமியரால் முடிந்தது என்பதற்காக அந்தச் சட்டத்துக்கு மாலை போட வேண்டியதில்லை.

இன்னொரு விளைவுதான் மோசமானது. மூலம் தெரியாதபடி நறுக்கினால் தப்பிக்கலாம் என்று ஆனதும், மூலத்தை மறைப்பது தொழில் ரகசியம் ஆனது. எந்தப் பாட்டில் எந்த ரெக்கார்டு இருக்கிறது என்று பட்டியல் போட்டுத் தொகுப்பு வெளியிட்டவர்களை, பிரீமியர் 1998-ல் வந்த ‘மொமென்ட் ஆஃப் ட்ரூத்’ ஆல்பத்திலேயே பேசித் திட்டியிருப்பார். அவர் கோபம் புரிகிறது. காட்டிக்கொடுத்தால் வழக்கு வருமே. ஆனால் ஷெல்லி மேன் பெயரும் ஜோ சேம்பர்ஸ் பெயரும் பெருமையோடு அட்டையில் அச்சாகியிருக்க வேண்டிய பெயர்கள். மரியாதை செய்ய நினைப்பவரையும் திருடனைப் போல ஒளிந்துகொள்ள வைக்கிற சட்டம் யாருக்கு நல்லது?

வாசித்தவருக்கா என்றால், அதுவும் இல்லை. ஜேம்ஸ் பிரவுனின் ‘ஃபங்கி டிரம்மர்’ பதிவில் டிரம்ஸ் வாசித்தவர் க்ளைட் ஸ்டபிள்ஃபீல்டு. சில நொடி தனி ஆவர்த்தனம். அதை எடுத்தாண்ட பாடல்கள் நூற்றுக்கணக்கில் இருக்கின்றன. 2017-ல் அவர் இறக்கும்வரை, அந்தத் தாளத்துக்கான உரிமைப் பங்கு அவருக்கு இல்லை. பாடலை எழுதியவர் பட்டியலில் அவர் பெயர் இல்லை, ஒலிப்பதிவு நிறுவனத்துடையது, அவர் கூலிக்கு வாசித்தவர். சாம்பிள் எடுத்தவர்கள் எல்லோரும் ஒழுங்காக உரிமம் வாங்கியிருந்தாலும் அந்தப் பணம் அவர் வீட்டுக்குப் போயிருக்காது. திருட்டு திருட்டு என்று கத்துகிறவர்கள் யாருடைய பெட்டியைக் காக்கிறார்கள் என்று பார்த்தால் விஷயம் விளங்கிவிடும்.

வழி இல்லாமல் இல்லை. ஏற்கெனவே வெளியான ஒரு பாட்டை வேறு ஒருவர் புதிதாகப் பாடிப் பதிவு செய்ய, அமெரிக்கச் சட்டத்தில் 1909-லிருந்தே கட்டாய உரிமம் என்ற ஏற்பாடு இருக்கிறது. நிர்ணயித்த கட்டணத்தைக் கட்டினால் போதும், யாரும் தடுக்க முடியாது. சாம்பிளுக்கும் அப்படி ஒன்று வேண்டும். கட்டணத்தில் ஒரு பங்கு அந்தப் பதிவில் வாசித்தவர்களுக்கு என்று சேர்த்தே எழுத வேண்டும். ஸ்டபிள்ஃபீல்டு போன்றவர்களுக்குக் காசும் வரும், அட்டையில் பெயரும் வரும்.

காசு கொடுத்தால் போதுமா?

இங்கேதான் இடிக்கிறது. வானொலி நிகழ்ச்சி ஒன்றின் விளம்பரத் துணுக்குக்காக பிரீமியர் ஒரு பீட் செய்தார். அதில் பப்ளிக் எனிமியின் சக் டி எண்களை எண்ணும் குரல் இருந்தது. கேட்ட பிஐஜி அது தனக்கு வேண்டும் என்றார். 1997-ல் அது ‘டென் க்ராக் கமாண்ட்மெண்ட்ஸ்’ ஆனது. போதைப்பொருள் விற்பனைக்குப் பத்து விதிகள் சொல்லும் பாட்டு. சக் டி-யோ வாழ்நாள் முழுக்கப் போதைக்கு எதிராகப் பேசியவர். அவர் வழக்குத் தொடுத்தார். பிறகு அது சமரசத்தில் முடிந்தது. எண்களை எண்ணியதுதான், ஒரு கருத்தும் இல்லை. ஆனாலும் அது அவர் குரல். கட்டாய உரிமம் வந்தால் அவர் இதைத் தடுக்கவே முடியாது. மனிதக் குரலுக்கு மட்டும் மறுக்கும் உரிமையை விட்டுவைப்பது நியாயம். அப்படி விட்டால் பிரீமியரின் ஸ்க்ராட்ச் பல்லவிகள் பாதி காணாமல் போகும் என்பதும் உண்மை. இரண்டையும் ஒன்றாகக் காப்பாற்ற முடியாது.

பிரீமியர் தன் அளவில் ஒரு வழி கண்டார். 2014-ல் ராய்ஸ் டா 5'9" உடன் ‘பிரைம்’ என்ற ஆல்பம் செய்தபோது, துணுக்குகள் எல்லாவற்றையும் ஒரே ஒருவரிடம், ஏட்ரியன் யங் என்ற இசையமைப்பாளரின் படைப்புகளிலிருந்து மட்டுமே எடுத்தார். கேட்டு வாங்கிய சரக்கு. மறைக்க ஒன்றுமில்லை, அவர் பெயரே விளம்பரம். உயிரோடு இருக்கிற, சம்மதிக்கிற கலைஞர் இருந்தால் இது சரி. எல்லா ரெக்கார்டுக்கும் அப்படி ஆள் இருப்பதில்லை.

இதற்கிடையே 2006-ல் கிறிஸ்டினா அகிலேராவின் ‘பேக் டு பேசிக்ஸ்’ ஆல்பத்துக்குக் கை கொடுத்தார். ‘எய்ன்ட் நோ அதர் மேன்’ பாடலுக்காக அகிலேரா கிராமி வாங்கினார். பாப் ரசிகர்களில் எத்தனை பேருக்கு அந்த பீட் யாருடையது என்று தெரிந்திருக்கும்!

கேங் ஸ்டார் மட்டும் 2003 ஆல்பத்தோடு நின்றுபோனது. குருவும் பிரீமியரும் பேசிக்கொள்வதில்லை. 2010 ஏப்ரலில் குரு புற்றுநோயால் இறந்தபோது வயது 48. பழைய டிஜே-வுக்குத் தன் பெயரில் எந்தத் தொடர்பும் இருக்கக் கூடாது என்று குரு எழுதியதாக ஒரு கடிதம் அப்போது வெளியானது. அதை குருவின் குடும்பம் ஏற்கவில்லை. குருவின் கடைசிக்காலப் பதிவுகள் அப்போதைய இசைக் கூட்டாளியிடம் இருந்தன. அவற்றை விலைக்கு வாங்க பிரீமியருக்குப் பல ஆண்டுகள் ஆயின.

வாங்கியவை வேறு ஒருவரின் இசைக்குப் பாடப்பட்ட குரல்கள். இசையை நீக்கிவிட்டு, குரலை மட்டும் எடுத்து, அதன் வேகத்துக்கும் மூச்சுக்கும் ஏற்றபடி அடியில் புதிய பீட் போட்டார். 2019 நவம்பரில் ‘ஒன் ஆஃப் த பெஸ்ட் யெட்’ வெளியானது. வழக்கமாகப் பல்லவிக்கு ஊரார் குரலை நறுக்குபவர், அந்த ஆல்பம் முழுக்க எதிரில் மைக் இல்லாத நண்பனின் குரலை வைத்து வேலை செய்தார். ரசீதோடு.