காளான் என்ன பூச்சாண்டியா?

2013ல் வீடியோ கேமாகவும், 2023ல் டி.வி., தொடராகவும் வந்த, 'தி லாஸ்ட் ஆப் அஸ்' கதை தான், எங்கள் தெருப் பிள்ளைகளின் பேச்சே. மனுஷன் மூளைக்குள் பூஞ்சை புகுந்து, ஆட்டிப் படைக்கிறதாம்! விளைவு... காளான் குழம்பு வைத்தால், 'ஐயோ, வேணாம்மா' என்கிறாள், என் மகள். ராத்திரி, லைட்டை அணைக்க விடுவதில்லை.

பெரியவர்களுக்கான தொடர் அது; பிள்ளைகள் பார்க்காமல் இருப்பதே நல்லது. ஆனால், காதில் விழுந்த பின், 'சும்மா படு' என அதட்டி என்ன பிரயோஜனம்? உள்ளதைச் சொல்லி விடலாமே!

காட்டு எறும்பைப் பிடிக்கும் பூஞ்சை, நிஜமாகவே உண்டு. அந்த எறும்பு, செடியில் ஏறி, இலையைக் கவ்வியபடியே செத்துப் போகும். அதன் தலையிலிருந்து பூஞ்சை முளைக்கும். 2017ல் வெளியான ஆராய்ச்சியில், அது எறும்பின் தசைகளுக்குள் தான் பரவியிருந்தது, மூளைக்குள் இல்லை. மனுஷனை அது தொடாது. நம் உடம்பின், 37 டிகிரி சூட்டில், பெரும்பாலான பூஞ்சைகள் வளரவே முடியாது.

தோட்டத்தில் தானாக முளைக்கும் காளானைப் பறித்துத் தின்னத் தான் பயப்படணும். அதில் விஷக்காளானும் இருக்கும். எதற்குப் பயப்படணும், எதற்கு வேணாம் என்று பிரித்துச் சொல்ல, நம்மை விட்டால் பிள்ளைகளுக்கு யார் இருக்கா, தோழிகளே?

— ஒரு இல்லத்தரசி, திண்டுக்கல்.