பதினொரு வயதில் தொடங்கும் சமாதானம்

சமாதானம் என்றதும் நாம் தலைவர்களையும் ஒப்பந்தங்களையுமே நினைக்கிறோம். போரை நிறுத்த ஒப்பந்தம் போதும். ஆனால், நேற்றுவரை பகைவராயிருந்தவரின் பிள்ளையோடு ஒரே மேசையில் அமர்ந்து உண்ணும் மனத்தை எந்த ஒப்பந்தம் தரும்? அந்த மனம் சிறுவயதிலேயே பழகி வரவேண்டும் என்று சொன்னதோடு நில்லாமல், செய்தும் காட்டியவர் அமெரிக்க உளவியலாளர் டொரிஸ் ட்விச்சல் அலன்.

1901இல் மேய்ன் மாநிலத்தில் பிறந்த இவர், 1930இல் மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் கலாநிதிப் பட்டம் பெற்றார். கலாநிதிப் பட்டம் பெற்ற பெண்கள் மிகச் சிலராகவே இருந்த காலம் அது. பெர்லினிலும் உளவியல் பயின்ற இவர், ஒஹாயோ மாநிலத்தின் சின்சினாட்டி நகரில் உளநோயாளர்கள் மத்தியிலும் சிறுவர்கள் மத்தியிலும் பணியாற்றினார்.

இரண்டாம் உலகப்போர் முடிந்த மறு ஆண்டு, 1946இல், உயர்கல்வியின் மூலம் உலக சமாதானத்தை வளர்க்கலாம் என்று வாதிட்ட ஒரு கட்டுரையை அவர் வாசித்தார். நோக்கம் நல்லதுதான், ஆனால் வளர்ந்தவர்களிடம் தொடங்குவது காலம் கடந்த முயற்சி என்றே சிறுவர் உளவியல் அறிந்த அவருக்குத் தோன்றியது. பல நாட்டுச் சிறுவர்களை ஓரிடத்தில் வாழவைக்கும் எண்ணம் அப்போது பிறந்தது. அது நிறைவேற ஐந்து ஆண்டுகள் சென்றன. 1951இல் சின்சினாட்டிக்கு அருகிலுள்ள கிளென்டேலில் முதலாவது ‘சிறுவர் சர்வதேச கோடைக்கிராமம்’ கூடியது. ஐக்கிய அமெரிக்கா, பிரித்தானியா, பிரான்ஸ், நோர்வே, டென்மார்க், சுவீடன், ஒஸ்திரியா, மெக்சிக்கோ ஆகிய நாடுகளின் சிறுவர்களோடு ஜேர்மனியச் சிறுவர்களும் வந்திருந்தனர்.

இங்கே ஒரு சிறு கணக்கைப் போட்டுப் பார்ப்போம். 1951இல் 11 வயதான பிள்ளை 1940ஆம் ஆண்டளவில் பிறந்திருக்கும். அந்த ஆண்டின் ஏப்ரலில்தான் ஜேர்மனியப் படைகள் டென்மார்க்கிலும் நோர்வேயிலும் நுழைந்தன. ஜூனில் பிரான்ஸ் வீழ்ந்தது. செப்டெம்பரில் இலண்டன் மீது குண்டுமழை தொடங்கியது. அந்தக் காலத்தில் பிள்ளையைத் தொட்டிலில் கிடத்தியிருந்த ஒரு தாய், பதினொரு ஆண்டுகளின் பின் அதே பிள்ளையை, ஜேர்மனியப் பிள்ளைகளும் தங்கும் முகாமுக்குக் கடல் கடந்து அனுப்புவது இலேசான காரியமா? அலன் அம்மையாரைப் போற்றும் நாம், அந்தப் பெற்றோரின் துணிவையும் சேர்த்தே போற்ற வேண்டும். அவர்கள் மறுத்திருந்தால் அவரது திட்டம் தாளிலேயே தங்கியிருக்கும்.

பதினொரு வயதை அவர் தேர்ந்ததற்கும் காரணம் உண்டு. அவ்வயதில் பிள்ளை தன் வீட்டின் பழக்கவழக்கங்களை அறிந்திருக்கும். பிறர் மீதான வெறுப்போ இன்னும் இறுகியிருக்காது. இன்றும் ஒவ்வொரு நாட்டிலிருந்தும் இரண்டு சிறுமியரும் இரண்டு சிறுவர்களும் ஒரு வழிகாட்டியுடன் செல்கின்றனர். ஏறத்தாழ ஒரு மாதம் சேர்ந்து விளையாடி, வேலைகளைப் பகிர்ந்து, சண்டையிட்டுச் சமாதானமாகி வாழ்கின்றனர். மொழி புரியாதபோது கையும் முகமும் பேசுகின்றன.

“சில பிள்ளைகள் ஒரு மாதம் கூடி விளையாடினால் போர் நின்றுவிடுமா?” என்று கேட்பாரும் உளர். நிற்காதுதான், 1951இன் பின்னரும் உலகம் எத்தனையோ போர்களைக் கண்டுவிட்டது. ஆயினும், ஒரு நாட்டின் பெயரைக் கேட்டதும் ஒரு தோழியின் முகம் நினைவில் எழுமானால், அந்நாட்டவர் எல்லோரையும் வெறுக்கும்படி ஒருவர் சொல்வதை நாம் அவ்வளவு எளிதில் நம்பமாட்டோம். இத்தகைய பயணம் வசதி படைத்தோருக்கே எளிது என்ற குறையும் நியாயமானதே. ஆனால் அவர் கண்ட வழிக்கு விமானச்சீட்டு கட்டாயமன்று. சமமானவர்களாகச் சில நாட்கள் சேர்ந்து வாழ்வதும், சேர்ந்து வேலை செய்வதுமே அதன் உயிர்.

மொழியாலும் சமயத்தாலும் பாடசாலைகள் பிரிந்து கிடக்கும் எமது நாட்டில் இதை எண்ணிப் பார்ப்பது அவசியம். அடுத்த தெருப் பாடசாலையில் படிக்கும் சகோதரமொழி மாணவியின் பெயரைக்கூட அறியாமல் உயர்தரம்வரை படித்து முடிக்க எம்மால் முடிகிறது. ஒருநாள் விழாவில் மேடையேறிக் கைகோத்து நிற்பதால் இந்த இடைவெளி குறையாது. இரு பாடசாலைகளின் மாணவியர் ஒரு வாரம் சேர்ந்து ஒரு தோட்டம் அமைக்கட்டும். ஒரு நாடகம் தயாரிக்கட்டும். நட்பு தானாக வரும்.

2002இல் அலன் அம்மையார் நூறு வயதில் காலமானார். அவர் தொடங்கிய இயக்கம் இன்று 60க்கும் மேற்பட்ட நாடுகளில் பரவியுள்ளது. பெற்றோரே, 1951இல் அந்தத் தாய்மார் தம் பிள்ளைகளைக் கடல் கடந்து அனுப்பினார்கள். நாங்கள் உங்களிடம் கேட்பது அடுத்த தெருவரை செல்வதற்கான அனுமதியை மட்டுமே.